கலிமேரா இல்லாத அண்ணன்

கரூஃபல்யாவை எனக்கு நாற்பது வருடமாகத் தெரியும். எங்கள் ஊரான கூமியின் பேருந்து நிறுத்தத்தில் என் பெட்டிக்கடை, எதிர்ச்சந்து முனையில் அவள் வீடு. தையல்காரி. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. வாய் மட்டும் ஊருக்கே காணும். அவளுக்கிருந்த ஒரே சொந்தம் அண்ணன் ஸ்டமாட்டிஸ்; அவனும் தனிக்கட்டைதான். அவனோடும் ஒன்பது வருடமாகப் பேச்சில்லை. அவள் பக்கம் சாய்ந்த அத்திக் கிளையைக் கேட்காமல் வெட்டிவிட்டானாம். இதற்கு ஒன்பது வருடமா என்று கேட்காதீர்கள், நானே கேட்டு வாங்கிக் கட்டிக்கொண்டேன். காலையில் எதிரே யார் வந்தாலும் 'கலிமேரா' என்று ஒரு வணக்கம் சொல்லிவிட்டுத்தான் இங்கே யாரும் நகர்வார்கள். பகைத்துக்கொண்டவர்களைப் பற்றி, 'அவங்களுக்குள்ள கலிமேரா இல்ல' என்போம். இவர்களுக்குள் அது இல்லை.

போன மே மாதம், கடல் பனி மேலேறி வீடுகளை மூடியிருந்த ஒரு காலையில், வளைவில் திரும்பிய லாரி அவனுடைய மொபெட்டை இடித்துத் தள்ளியது. அங்கேயே முடிந்துவிட்டது. சட்டைக் கழுத்தில் குத்திய ஊசியோடு வெளியே வந்து நின்றாள் கரூஃபல்யா. அழவில்லை. நாற்பதாம் நாள் கோயிலில் அவன் நினைவாக அவித்த கோதுமை கொடுத்தபோதும் அழவில்லை.

ஆனால் மதியத் தூக்கத்தில் அவன் தினமும் வருகிறான் என்றாள். ஈரத் தலையோடு தையல் மெஷின் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து அவள் கைகளையே பார்த்துக்கொண்டிருப்பானாம். "வாயைத் திறக்கிறானா பாரு! செத்தும் வீம்பு போகலடி அவனுக்கு!" என்பாள். நான் சிரித்துவிடுவேன். வெயிலில் கடைக்குள் கண் செருகும்போது எனக்கும் அவன் வருவான். வெள்ளையாகக் கிடக்கும் சாலையில் சத்தமே இல்லாமல் மொபெட் மிதந்து போகும். கண்ணைத் திறந்தால் சாலை மட்டும் இருக்கும்.

விபத்தில் செத்தவரின் நெருங்கிய உறவுகளுக்கு 'ஆத்ம வேதனை' என்று ஒரு இழப்பீடு உண்டு. ஆனால் வேதனைப்பட்டதை நிரூபிக்க வேண்டும். கரூஃபல்யா கேட்டதற்கு லாரியின் காப்பீட்டுக்காரர்கள் எழுதி அனுப்பியிருந்தார்கள்: இறந்தவருக்கு மனைவி இல்லை, பிள்ளை இல்லை, தங்கையோ பகை, ஆகவே யாருக்கும் வேதனை இல்லை. அறுபது வருடம் வாழ்ந்த மனிதன் போனதில் ஒரு வயிறுகூட எரியவில்லையாமா?

கரூஃபல்யா என் கையைப் பிடித்துக்கொண்டாள். "காசு கிடக்குது, விடு. அவன் போனதுல ஒருத்திக்கு வலிச்சுதுன்னு அந்தத் தாள்ல எழுதட்டும். எனக்கு அது போதும்."

வழக்கு ஹல்கிடா நீதிமன்றத்துக்குப் போனது. நான்தான் சாட்சி. கூடம் வெதுவெதுவென்றிருந்தது. உயரத்து ஜன்னல்களிலிருந்து வெளிச்சம் வழிந்துகொண்டிருந்தது, குரல்கள் எல்லாம் தண்ணீருக்கு அடியிலிருந்து வருவதுபோல் கேட்டன. காப்பீட்டுக்கார வக்கீல் குழையக் குழையக் கேட்டான்.

"ஒரே கேள்விம்மா. அண்ணன் தங்கைக்குள்ள கலிமேரா இருந்துதா?"

வேதத்தின்மேல் கை வைத்துச் சத்தியம் செய்திருந்தேன். "இல்ல" என்றேன். அவன் உட்காரப் போனான்.

"உக்காராதீங்க தம்பி, நான் இன்னும் முடிக்கல! தினம் காலையில அவ ஜன்னல்கிட்ட வந்து ரெண்டு தடவை ஹாரன் அடிப்பான். இவ ஜன்னல் கதவை ரெண்டு தடவை படார் படார்னு சாத்துவா. ஒன்பது வருஷம், ஒரு நாள் தப்பாது. ஒருநாள் ஹாரன் வரல. காய்ச்சல். இவ மூணு தடவை என் கடைக்கு வந்து தீப்பெட்டி வாங்கினா. ரோட்டையே பாத்துக்கிட்டு நின்னா. கடைசில எலுமிச்சை பிழிஞ்ச கோழி சூப்பை என்கிட்ட குடுத்து, 'நான் குடுத்தேன்னு சொன்னே, நாக்கை அறுத்துடுவேன்'னா."

நீதிபதியம்மா பேனாவைக் கீழே வைத்தார். "அவர் குடிச்சாரா?"

"குடிச்சாரும்மா. 'உப்பு கம்மி, அவ கைதான்'னு சொன்னாரு."

"உப்பு சரியாத்தான் போட்டேன்!" என்று பின்னாலிருந்து கத்தினாள் கரூஃபல்யா. கூடமே சிரித்தது. அவள் நின்றபடியே இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டு, உடம்பு முழுக்கக் குலுங்க, அத்தனை மாதத்து அழுகையையும் சேர்த்து அழுதாள். அதற்குப் பிறகு யாரும் சிரிக்கவில்லை.

அக்டோபரில் தீர்ப்பு வந்தது. கடை வாசலில் உட்கார்ந்து நான்தான் படித்தேன். 'இறந்தவரின் சகோதரி ஆத்ம வேதனைக்கு உள்ளானார் என்று நீதிமன்றம் ஏற்கிறது.' அந்த வரியை மறுபடி படிக்கச் சொன்னாள். படித்தேன். கீழே இன்னொன்றும் இருந்தது: ஒன்பது ஆண்டுகள் பேச்சு இல்லாததால், உடன்பிறந்தவர்களுக்கு வழக்கமாகத் தருவதில் பாதி.

"பாதியா? இவங்க என்ன துக்கத்தைத் தராசுல வெச்சா நிறுத்தாங்க? அப்பீல் பண்ணுவோம்டி! விடக் கூடாது!" என்று குதித்தேன் நான்.

"வேண்டாம், அசிமினா." தாளை என்னிடமிருந்து வாங்கி மடியில் வைத்து, தைக்கப் போகும் துணிபோல் கையால் நீவிவிட்டாள். வெகுநேரம் நீவினாள்.

"ஒரே ஒரு நாள் நான் முதல்ல வாயைத் திறந்திருந்தா," என்றாள், "முழுசாப் போட்டிருப்பாங்க இல்ல?"