கோல்ட் ரூமில் ஒரு செடி

மலேசியாவின் கோத்தா திங்கியில், ஆற்றிலிருந்து சற்றுத் தள்ளியிருக்கும் ஒரு தாமான் குடியிருப்பில் யோகேஸ்வரியும் அவள் மகள் ரூபினியும் வசிக்கிறார்கள். கணவர் தவறிப் பல வருடங்களாகின்றன. யோகேஸ்வரிக்குக் காய்கறிக் கிடங்கில் வேலை. கோல்ட் ரூம் என்கிற குளிரறைக்குள் நின்று, வந்திறங்கும் கோசுப் பெட்டிகளைப் பிரித்து அழுகியதைக் கழித்துப்போட வேண்டும். கையுறை போட்டாலும் விரல்கள் வெடித்துப்போகும்.

ரூபினிக்கும் செல்வாவுக்கும் கல்யாணம் பேசி முடித்திருந்தார்கள். சீனப் பெருநாள் சமயத்தில் செல்வா ஒரு தொட்டிச்செடி வாங்கிவந்து அவளிடம் கொடுத்தான். இலையே இல்லாத முள்கிளைகள். கிளையோடு ஒட்டிக்கொண்டு சிவப்புப் பூக்கள். பெயர் குயின்ஸ் என்றான். பூவெல்லாம் உதிர்ந்து இலை விட்ட நேரத்தில், சிங்கப்பூர் வேலைக்கு மோட்டார் சைக்கிளில் போனவன் லாரியில் அடிபட்டு இறந்துபோனான்.

அதன் பிறகு ரூபினி வேலைக்குப் போகவில்லை. கிளினிக்குக்குப் போகலாம் என்றால் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வாள். செடிக்குத் தண்ணீர் ஊற்ற மட்டும் எழுந்து வருவாள். யோகேஸ்வரி மகளின் அறைக்கதவில் இருந்த தாழ்ப்பாளைக் கழற்றி எடுத்துவிட்டாள். வேலையிடத்தில் போன் அடித்தால் போதும், கையிலிருப்பதைப் போட்டுவிட்டு ஓடுவாள்.

தீபாவளி தாண்டியதும் செடியின் இலைகள் பழுத்துக் கொட்டத் தொடங்கின.

"அதுவும் போவுதும்மா," என்றாள் ரூபினி. அழுகை இல்லை, கோபம் இல்லை. அந்தக் குரல்தான் யோகேஸ்வரியைப் பயமுறுத்தியது.

அன்று மாலையே பக்கத்து நர்சரிக்கு ஓடினாள். நர்சரிக்காரர் செடியின் படத்தைப் பார்த்துத் தலையாட்டினார். இது குளிர்நாட்டுச் செடி, தண்ணீர் அதிகமாகி வேர் அழுகியிருக்கும். இந்த வெயிலில் பிழைத்தாலும் பூக்காது. நல்ல குளிரில் சில வாரம் உறங்கினால்தான் மொட்டு விரியும் என்றார்.

குளிர் என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டு வீடு வந்தாள். நர்சரியில் வைத்துப் பார்க்கிறேன் என்று மகளிடம் பொய் சொன்னாள். கறுத்துக் கொழகொழத்த வேர்களை வெட்டினாள், மண்ணை மாற்றினாள், மிச்சமிருந்த இலைகளைக் கிள்ளினாள். முள் கையெல்லாம் கீறியது. மறுநாள் குப்பைப் பையில் சுற்றிக் கிடங்குக்குக் கொண்டுபோய், கேரட் மூட்டைகளுக்குப் பின்னால் ஒளித்துவைத்தாள்.

தினமும் மண்ணைத் தொட்டுப் பார்ப்பாள். காய்ந்திருந்தால் ஒரு வாய்த் தண்ணீர். "பூத்துரு சாமி, என் புள்ளைக்காகப் பூத்துரு," என்று குச்சியிடம் கெஞ்சுவாள். வீட்டில் ரூபினி சோற்றைப் பிசைந்துவிட்டு அப்படியே வைத்துவிடுவாள். ஒரு மாதம் கழித்துக் கிளைக்கணுக்களில் மொட்டுகள் லேசாகப் பருத்தன.

அந்த வாரமே சூப்பர்வைசர் மனோகரன் செடியைப் பார்த்துவிட்டான்.

"அலமாக்! என்னக்கா இது? சாப்பாட்டு சாமான் வைக்கிற எடத்துல மண்ணு தொட்டியா? மொதலாளி தவுக்கே பாத்தா என் வேலையும் போயிரும்லா!"

"இன்னும் கொஞ்ச நாளு தம்பி. இது போனா எம்மவளும் போயிருவா." அவன் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

மனோகரன் கல்நெஞ்சக்காரன் இல்லை. ஆனாலும் அவன் மனம் மாறவில்லை. "நான் யாருகிட்டயும் சொல்லல. இன்னைக்கே எடுத்துட்டுப் போயிருங்கக்கா."

கம்பெனி வேனில் தொட்டியை மடியில் வைத்துக்கொண்டு வந்தாள். வெளியே அனல் அடித்தது. உறக்கம் பாதியில் கலைந்த செடி என்ன ஆகுமோ, மகளுக்கு என்ன பதில் சொல்வது என்று ஒன்றும் புரியாமல் வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

வேன் சத்தம் கேட்டு ரூபினி வந்தாள். தொட்டியைத் தொட்டவள் கையை இழுத்துக்கொண்டாள். "ஏம்மா இவ்ளோ ஜில்லுன்னு இருக்கு? எங்க வச்சிருந்தீங்க?"

யோகேஸ்வரிக்குப் பொய் சொல்லத் தெம்பில்லை. எல்லாவற்றையும் சொன்னாள். "நீ இப்படியே போயிருவியோன்னு பயமா இருக்குடி. எனக்கு வேற ஒண்ணும் தெரியல."

ரூபினி தாயின் கையைத் திருப்பிப் பார்த்தாள். வெடிப்புகள், முள் கீறல்கள். "இந்தக் குளிர்லயா தெனமும் நிக்கிறீங்க?" என்றாள். அடுத்த நொடி உடைந்து அழுதாள். செல்வாவின் சாவு வீட்டில்கூட அவள் அப்படி அழவில்லை. யோகேஸ்வரி பயந்துபோய் அவளை இறுக்கிக் கட்டிக்கொண்டாள்.

செடியில் ஒரே ஒரு பூ அரைகுறையாக விரிந்தது, வெளிறிய நிறத்தில். மற்ற மொட்டுகள் கருகி உதிர்ந்தன. அடுத்த வெயில் காலத்தில் செடியும் பட்டுப்போனது.

ரூபினி இப்போது மாதம் ஒருமுறை அம்மாவோடு கிளினிக்குக்குப் போகிறாள். சில வாரம் நன்றாக இருப்பாள், சில வாரம் மறுபடியும் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிடுவாள். அந்த வாரங்களில் யோகேஸ்வரி வேலையிடத்திலிருந்து ஓய்வு நேரத்தில் போன் பண்ணுகிறாள். மறுமுனையில் "ம்" என்று கேட்ட பிறகுதான் தேநீரைக் குடிக்கிறாள்.