சூளை திறந்தால் மாதம் பிறக்கும்

கார்த்திகைக்கு வாங்கிய புது அகல்களைத் தண்ணீரில் ஊறப்போட்டபோது எழுந்த சுட்ட மண் வாசனை, என்னை விருத்தாசலத்துப் பீங்கான் பொம்மைக் கம்பெனியின் பின்னால் கிடந்த உடைசல் மேட்டில் கொண்டுபோய் நிறுத்தியது. கையில்லாத பொம்மைகள் குவிந்த அந்த மேடுதான் நானும் பக்கத்து வீட்டு மும்தாஜும் ஆண்ட நாடு. எங்கள் நாட்டுக்குத் தனிக் காலண்டர் உண்டு: கம்பெனிச் சூளை திறந்து, வெந்த காற்று மேடுவரை வந்து முகத்தில் அடித்தால் புது மாதம் பிறந்துவிட்டது, பொம்மைகள் ஆறும்வரை பண்டிகை, பிறகு அடுத்த சூளை திறக்கும்வரை வெறும் நாட்கள்.

சவுதியில் இருந்த அவள் அப்பா, அவர்கள் வீட்டுப் பேச்சில் அத்தா, போனில் "அடுத்த மாசம் வரேம்மா" என்று சொன்ன வாரம் கம்பெனியை மூடினார்கள். சூளை அப்புறம் திறக்கவேயில்லை. அத்தாவிடமிருந்து போனும் வரவில்லை. ஆறிப்போன சூளைச் சுவரில் கன்னத்தை வைத்து, சூடு ஏறுகிறதா என்று தினமும் பார்த்துக்கொண்டிருந்தாள் மும்தாஜ்.

இப்போது அங்கே வீடுகள். மழை பெய்தால் வாசலில் பொம்மைக் கைகள் மேலே வருகின்றனவாம். போன முறை ஊருக்குப் போயிருந்தபோது, அத்தாவைப் பற்றித் தகவல் ஏதும் உண்டா என்று தயங்கித் தயங்கிக் கேட்டேன். தலை நரைத்த மும்தாஜ் சிரிக்காமல் சொன்னாள்:

"இன்னும் மாசம் பொறக்கலையேடி."