தண்ணி வந்துட்டு!

எடிட்டர் என்று என் பெயர் தனியாக வரப்போகிற முதல் படம். அதற்கு முடிவு கிடைக்கவில்லை!

ஆற்றில் திறந்த தண்ணீர் கடைமடை வயலுக்கு வந்து சேரும்வரை கூடவே போகிற ஆவணப்படம் அது. இயக்குநர் கோயம்புத்தூர்க்காரர். தஞ்சாவூர் பழைய பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு மாடி அறையில் உட்கார்ந்து வெட்டிக்கொண்டிருந்தோம். மறுநாள் டி.வி.க்குக் கொடுத்தாக வேண்டும். தண்ணீர் வந்துவிட்டது என்று ஊர்க்காரர் ஒருவர் வாயால் சொல்கிற காட்சி மட்டும் இல்லை. முதல் தண்ணீர் வருடத்துக்கு ஒரு தடவைதான் வரும். வாய்க்காலிடம் போய் இன்னொரு டேக் கேட்க முடியுமா?

"பின்னணிக் குரல் போட்டு முடிச்சிரலாமுங்க," என்றார் இயக்குநர்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஊரே பேசுகிற படத்தைக் கடைசியில் ஒரு வாடகைக் குரலிடமா கொடுப்பது? வேண்டாம் என்று அவர் ஒதுக்கிய ஃபோல்டரைத் திறந்தேன். ஒரு கிளிப்புக்கு 'பேச்சு பாதியில் கட்' என்று பெயர் வைத்திருந்தார். ஓடவிட்டேன். வெடித்துக் கிடந்த வாய்க்காலில் சருகையும் நுரையையும் தள்ளிக்கொண்டு தண்ணீர் வருகிறது. கரையில் மண்வெட்டியோடு நின்ற அம்மா ஒருவர் வயல் பக்கம் திரும்பித் தொண்டை கிழியக் கத்துகிறார்: "தண்ணி வந்துட்டு!" அத்தோடு கட்.

எனக்குப் புல்லரித்துவிட்டது. "சார், இதுதான் சார் முடிவு!"

"எப்படிங்க? 'வந்துட்டு'ன்னு அந்தரத்துல நிக்குது. வந்துட்டு என்ன பண்ணுச்சு? கேமராமேன் அவசரப்பட்டு ஆஃப் பண்ணிட்டாருங்க."

சிரிப்பை அடக்க முடியவில்லை. நானும் இந்தத் தஞ்சாவூர்ப் பக்கம்தான்; நன்னிலத்துக்காரி. எங்கள் பக்கம் பஸ் போயிட்டு என்றால் பஸ் போயே போய்விட்டது. சென்னை ஹாஸ்டலில் "மழை நின்னுட்டு" என்று நான் சொன்னால் அறையே சேர்ந்து "அப்புறம்?" என்று கத்தும். அந்தக் கேலிக்குப் பயந்துதான் 'நின்னுடுச்சு' பேசப் பழகினேன்.

"எங்க ஊருல வந்துட்டுன்னா வந்துடுச்சுன்னு அர்த்தம் சார். அவங்க பேச்சு முடிஞ்சிட்டு!"

"முடிஞ்சிட்டு?" என்று அவர் அடுத்த சொல்லுக்குக் காத்திருந்தார். பிறகு அவருக்கே விளங்கி, மேசையைத் தட்டிச் சிரித்தார். "ஆனா பாக்கறவங்களும் என்னையாட்டம் 'அப்புறம்?'னு கேப்பாங்களே?"

நியாயமான கேள்வி. அதற்குத்தானே எடிட்டர் இருக்கிறேன்! அந்த அம்மாவின் குரல் ஓய்ந்த இடத்தில், தண்ணீர் மடை தாண்டி வயலுக்குள் பரவுகிற காட்சியை அதன் சொந்தச் சத்தத்தோடு ஒட்டினேன். வேறு பேச்சே வைக்கவில்லை. பார்த்த இயக்குநர், "இன்னொருக்கா போடுங்க," என்றார். அப்புறம் இன்னொருக்கா.

படத்தை ஒப்படைத்ததும் வீட்டுக்கு ஃபோன் செய்தேன். வருடக்கணக்காக அம்மாவிடமும் சென்னைப் பேச்சே பேசிக்கொண்டிருந்தவள், "அம்மா, படம் முடிஞ்சிட்டு!" என்று கத்தினேன்.

"ஒம் பேரு வந்துட்டா?"

"வந்துட்டும்மா!"

அம்மா ஃபோனைக் காதிலிருந்து எடுக்காமலே, கொல்லையில் நின்ற அப்பாவுக்குக் கேட்கக் கத்தினார்: "ஏங்க! பேரு வந்துட்டாம்!"