கேஜுக்கு இரண்டு கதவு

என் டிடிபி கடையின் மேசைக் கண்ணாடிக்கு அடியில் ஒரு புரூஃப் தாள் இருக்கிறது. அதில் ‘கேஜ்’ என்ற சொல்லைச் சுற்றிச் சிவப்பு வட்டம். அதைப் போடலாமா என்று ஓர் இரவு முழுக்க யோசித்தேன்.

பேராசிரியர் எங்கள் சுரங்க ஊர்க்காரர்தான். ஆனால் ஆஸ்பத்திரி குமாஸ்தாவின் மகன், சுரங்கத்தில் கால் வைத்ததில்லை. பெங்களூரில் கணினி அறிவியல் நடத்துவார். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் வேதபாடம். ஒரே நேரத்தில் இரண்டு புத்தகம் எழுதினார், இரண்டும் தமிழில். ஒன்று கணினி மாணவர்களுக்கு. மற்றது, கடைசியில் வந்த கூலியாளுக்கும் முழுக்கூலி கொடுத்த வேதாகம உவமையைப் பற்றிய இறையியல். காலை ரயிலுக்கு முன்னால் கையெழுத்துத் தாள்களை நீட்டி, “அடிச்சு வைம்மா, சாயந்தரம் பாக்குறேன்” என்று ஓடுவார். இரண்டு புத்தகத் தாள்களும் கலந்தே வரும். பிரிப்பது என் தலையெழுத்து. ஆனால் அந்த எழுத்தில் ஒரு துள்ளல் இருந்தது. பன்னிரண்டாவதோடு படிப்பை விட்ட எனக்கே அடுத்து என்ன என்று விரல் பரபரக்கும்.

கடைசியாக வைத்ததை முதலில் எடுக்கும் அடுக்கைக் கணினியில் ‘ஸ்டாக்’ என்பார்கள். அதை விளக்க, சுரங்கத்தில் ஆட்களை இறக்கி ஏற்றும் கேஜை எடுத்திருந்தார்: கடைசியாக ஏறியவனே முதலில் இறங்குவான். அதே கேஜ் இறையியல் புத்தகத்திலும் வந்தது, கடைசி ஆளுக்கு முதல் மரியாதை என்று. நான் சொக்கிப்போய் அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். நந்திதுர்க் தங்கச் சுரங்கத்தில் இருபது வருடம் ஷிஃப்ட் பார்த்தவர் விழுந்து விழுந்து சிரித்தார்.

“இன்னாம்மா இது? இந்தப் பக்கம் ஏறுவோம், அந்தப் பக்கம் எறங்குவோம். கேஜுக்கு ரெண்டு கதவு. மொதல்ல ஏறுனவன்தான் மொதல்ல எறங்குவான்.”

வெளியீட்டு விழா எங்கள் ஊரில். முன்வரிசையில் உட்காரப்போவது கேஜில் போய்வந்தவர்கள். சொல்லாவிட்டால் அவர் மானம் போகும். சொன்னால், டைப் அடிப்பவள் என்னைத் திருத்துவதா என்று தாள்களைச் சுருட்டிக்கொண்டு போய்விடலாம். மறுநாள் காலை வட்டம் போட்டு நீட்டிவிட்டேன்.

அவர் முகம் வாடியது. ஒரு நிமிடம்தான். “அப்பா வீட்ல இருக்காராம்மா?” என்றவர், ரயிலை விட்டுவிட்டு என்னோடு வந்துவிட்டார். கணினிப் புத்தகம் தப்பித்தது. முதலில் வந்தது முதலில் போகும் வரிசையைப் பற்றிய அடுத்த பாடத்துக்கு கேஜ் நகர்ந்தது. இறையியல்தான் மாட்டிக்கொண்டது. “அப்போ கடைசியா ஏறினவனுக்கு ஒண்ணுமே இல்லீங்களா?” என்று ஏக்கமாகக் கேட்டார்.

அப்பா யோசிக்கவே இல்லை. “கேஜ் மேல வந்துச்சுன்னா எல்லாரும் ஒண்ணாத்தான் சார் வெளிச்சத்தப் பாப்போம். அதுல மொதல் இன்னா, கடைசி இன்னா?”

பேராசிரியர் எழுந்தே நின்றுவிட்டார். “முப்பது பக்கமா நான் இதத்தான் சொல்ல வரேன்!” என்று அப்பாவின் இரண்டு கையையும் பிடித்துக் குலுக்கினார். அன்று எனக்குத் தலைகால் புரியவில்லை.

இப்போது அவர் ஓய்வு பெற்றுவிட்டார். தாள் போய் மின்னஞ்சல் வந்துவிட்டது. நேற்று புதுப் புத்தகம் அனுப்பியிருந்தார். முதல் பக்கத்திலேயே கேஜ், இரண்டு கதவோடு. கண் மங்கிப்போன அப்பாவுக்கு உரக்கப் படித்தேன். ஆட்கள் ஏறியதும் கேஜ் கிளம்பியது என்ற இடத்தில் கையை உயர்த்தினார்.

“எல்லாம் சரி. மணி அடிக்காம கேஜ் எப்பிடிக் கெளம்புச்சாம்?”

பக்கத்தை பிரிண்ட் எடுத்து, சிவப்புப் பேனாவைத் திறந்தேன். இந்த முறை விடியும்வரை யோசிக்கவில்லை.