நாலரை ஆளுக்குச் சாமை

அக்கா போய் ஓராண்டு ஆகிறது. இந்த நினைவு மலருக்கு என்னை எழுதச் சொன்னவர்கள் அவருடைய பிள்ளைகள். நான் ஐந்தாம் வகுப்போடு நின்று, கரும்பு வெட்டவும் லாரி கழுவவும் ஊர் ஊராகப் போனவன். தெரிந்ததை எழுதுகிறேன்.

அக்கா பிறந்தது தியாகதுருகம் பக்கம், ஒரு கூலிக்காரர் வீட்டில். எட்டாவது வரை படித்தார். பின்னக் கணக்கு நன்றாக வரும். மாமாவுக்கு மலைமேல் ரோடு வேலை கிடைத்ததால் கல்யாணத்துக்குப் பின் கரியாலூரில் குடியிருந்தார்.

இடஒதுக்கீட்டுப் போராட்டம் நடந்தபோது கீழே சாலையெங்கும் மரங்களை வெட்டிப் போட்டிருந்தார்கள். பஸ் இல்லை, ரேஷன் அரிசி மலையேறவில்லை, மாமாவுக்கு வேலையும் நின்றது. பார்க்கப் போன நானும் அங்கேயே மாட்டிக்கொண்டேன். அக்கா அப்போது மாசமாக இருந்தார். வீட்டில் இருந்தது கொஞ்சம் சாமை மட்டும். பாதை திறக்கும்வரை அது தாங்க வேண்டும்.

அக்கா தானியம் அளக்கும் ஆழாக்கைக் கையில் எடுத்தார். “ஆளுக்கு அரை ஆழாக்கு. நாலரை ஆளு. பெருக்குனா ரெண்டே கால். வேளைக்கு அவ்ளோதான்.”

“இன்னாக்கா நாலரை? நீ, மாமா, ரெண்டு புள்ளைங்க, நானு. அஞ்சி பேரு இருக்கமே?”

“நான் அரை ஆளுடா. வாந்தி எடுத்துகினு இருக்கறவளுக்கு முழுசு இன்னாத்துக்கு?”

“வாயையும் கணக்குல சேத்தா நீ ரெண்டு ஆளு” என்றார் மாமா. எல்லோரும் சிரித்தோம்.

அரையில் அரை, கால். அந்தக் கால் ஆழாக்குக் கஞ்சிதான் அக்காவுக்கு.

சாமை தீர்ந்த அன்று பஸ் வந்தது. எங்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. குழந்தை வயிற்றிலேயே இறந்துவிட்டது. பட்டினிதான் காரணம் என்று கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரியில் யாரும் சொல்லவில்லை. அக்காதான் சொன்னார்: “தப்பாப் போட்டுட்டேன்டா. நான் ஒண்ணரை ஆளு.”

அப்படியானால் அஞ்சரை ஆள், வேளைக்கு ரெண்டே முக்கால் ஆழாக்கு. பாதை திறக்கும் முன்பே சாமை தீர்ந்திருக்கும். அதைச் சொன்னேன்.

“தெரியும்டா” என்றார். பிறகு அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

மாமா போன பின் களையெடுத்துப் பிள்ளைகளை வளர்த்தார். கடைசியில் தொண்டையில் கட்டி வந்து கஞ்சியும் இறங்கவில்லை. சாமை தீர்ந்த அன்று டோலி கட்டி அவரை பஸ்வரை தூக்கி வந்த கரியாலூர்க்காரர்களுக்கும், கடைசிவரை பக்கத்தில் இருந்த அண்டை வீட்டாருக்கும் எங்கள் நன்றி.

இன்று படையலில் அக்காவுக்கு ஒரு முழு இலையும் பக்கத்தில் ஓர் அரை இலையும் போட்டிருக்கிறோம். அந்த அரை இலை யாருக்கென்று கேட்பீர்கள். அதற்காகத்தான் இதை எழுதினேன்.