பின் மேசையில் ஒரு கலியாணக் கார்டு

அன்று அந்தத் தேத்தண்ணிக் கடைக்குள் இருந்தவர்கள் இவர்கள். அழ வேண்டிய நடிகை. அவருக்கு எதிரில், புருசனாக நடிக்கிறவர். கல்லாவுக்குப் பின்னால் ஏப்ரன் கட்டிய பெண்; அவருக்கு வசனம் உண்டு. கமெராக்காரர் இரண்டு பேர். நீட்டுத் தடியில் மைக் பிடிக்கிறவர். எங்களை எல்லாம் இருத்தி எழுப்புகிற உதவி இயக்குநர். கையில் டாப்லெட்டோடு கண்டினியூட்டி பார்க்கிற பெண்மணி. போன தரம் கோப்பை இருந்த இடத்தில் இந்தத் தரமும் கோப்பை இருக்கிறதா என்று பார்ப்பதுதான் அவர் வேலை. ஜன்னலோரம் பேப்பர் வாசிக்கிற கிழவர். பின் மேசையில் என் மச்சான். அவருக்கு எதிரில் நான்.

கடை என்றால் மெய்யான கடை இல்லை. கிழக்கு லண்டனில் ஒரு பழைய சாமான் ஸ்ரோருக்குள் பலகையால் அடித்தது. ஜன்னலுக்கு வெளியே தெரு இல்லை, தெருவின் படம் இருந்தது. ஆனாலும் கதவைத் திறந்து உள்ளே போனால் கடைக்குள் போன மாதிரித்தான் இருக்கும். இப்போதும் சில நாள் காலையில் அந்தக் கதவின் மணிச் சத்தம் எனக்குக் கேட்கும்.

நாங்கள் டிவி நாடகங்களில் துணை நடிகர்கள். முன்னுக்கு நிற்பவர்களுக்குப் பின்னால் நடமாடுகிறவர்கள். நான் பஸ்ஸுக்கு நின்றிருக்கிறேன். ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்திருக்கிறேன். கோர்ட்டில் ஜூரியாக இருந்திருக்கிறேன். மூன்று தரம் செத்திருக்கிறேன். ஒரு வசனமும் பேசியதில்லை.

மச்சான் என் மனைவியின் தமையன். என்னை இந்த வேலைக்குக் கூட்டிக்கொண்டு போனதே அவர்தான். அப்போது நான் காருக்குப் பெற்றோல் அடிக்கிற செட்டில் வேலைக்கு நின்றேன். சும்மா இருக்கக் காசு தருகிறார்கள், வாரும் என்றார். சும்மா இருப்பது எவ்வளவு கஷ்டம் என்று போன பிறகுதான் தெரிந்தது.

பின் மேசைக்காரர் கதைக்கிற மாதிரி வாயை அசைக்க வேண்டும். சத்தம் வரக்கூடாது. முதல் இரண்டு வருசம் மச்சான் சத்தமில்லாமல் பகிடி விடுவார். மாதா கோயிலில் பூசை நேரத்தில் நித்திரை தூங்குகிற ஆட்களின் முகத்தைப் பிடித்துக் காட்டுவார். சிரிப்பை அடக்க நான் கோப்பைக்குள் முகத்தை விடுவேன். உள்ளே ஆறிப்போன தேத்தண்ணி இருக்கும். குடிக்கவும் கூடாது. குடித்தால் அளவு மாறிவிடும்.

பிறகு என் மூத்த மகளின் கலியாணம் வந்தது. எங்கள் ஆட்களுக்குள் கலியாணக் கார்டை புருசனும் பெண்சாதியும் சேர்ந்து போய் வீட்டில் கையில் கொடுக்க வேண்டும். நான் மச்சானுக்குத் தபாலில் போட்டேன். நாங்கள் செவன் கிங்ஸில், அவர் நோர்பரியில். நடுவில் லண்டன் முழுக்கக் கிடக்கிறது. பெற்றோல் செட் வேலையையும் நான் விடவில்லை, அந்தக் கிழமை அங்கே டபுள் ஷிப்ட். சொந்த மச்சான்தானே என்று நினைத்தேன். சொந்த மச்சான் என்றபடியால்தான் அது பிழை.

அவர் வரவில்லை. கோயிலில் படம் எடுத்து முடியும்வரை என் மனைவி வாசலைத் திரும்பித் திரும்பிப் பார்த்தாள்.

அடுத்த கிழமை வேலைக்குப் போனால் அதே பின் மேசை, அதே மச்சான். அந்தத் தொடரில் நாங்கள் கடைக்கு வழமையாக வருகிற இரண்டு பழைய சிநேகிதர்கள். ஒருக்கால் ஒரு மேசையில் இருத்தினால் பிறகு மாற்ற மாட்டார்கள். விசயத்தைச் சொல்லி வேறு மேசை கேட்டிருக்கலாம். இரண்டு பேரும் கேட்கவில்லை.

ஏழு வருசம் அப்படிப் போனது. கமெரா ஓடும்போது வாயசைப்போம். கட் என்றதும் வாயை மூடுவோம். வாயசைப்பில் நான் அருள் நிறைந்த மரியே செபம் சொல்லுவேன். அவர் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுவார். உதட்டைப் பார்த்தால் எனக்கு விளங்கும்.

இளைய மகளுக்குக் கலியாணம் சரிவந்தபோது மனைவி ஒன்றே ஒன்று சொன்னாள்.

"எனக்கெண்டு இந்த நாட்டிலை இருக்கிறது அண்ணை ஒருத்தர்தான். அவர் வராட்டி நானும் கோயிலுக்கு வரேல்லை. நீங்கள் தனியப் போய்ப் பிள்ளையைக் குடுங்கோ."

அவள் சொன்னால் செய்வாள். இரண்டு தரம் கார்டோடு நோர்பரிக்குப் போனோம். பெல் அடித்தோம். கதவு திறக்கவில்லை. மேலே திரை அசைந்தது.

அதனால் அன்று கார்டைக் கோட்டின் உள்பொக்கற்றில் வைத்துக்கொண்டு வேலைக்குப் போனேன். மத்தியானம் நாங்கள் இருந்து சாப்பிட நிற்பாட்டியிருக்கிற இரண்டு தட்டு பஸ்ஸில் கொடுக்கலாம் என்று நினைத்தேன். நான் கீழ்த்தட்டில் ஏற அவர் தட்டைத் தூக்கிக்கொண்டு மேல்தட்டுக்குப் போனார். நான் மேலே போக அவர் இறங்கினார்.

சாப்பாடு முடிந்து திரும்ப மேசையில் இருத்தினார்கள். நடிகை அழ வேண்டிய கட்டம். அப்போதுதான் எனக்கு ஒன்று பிடிபட்டது. கமெரா ஓடத் தொடங்கினால் மச்சானால் எழும்பிப் போக ஏலாது.

ஆக்‌ஷன் என்றார்கள். நான் கார்டை எடுத்து இரண்டு கையாலும் நீட்டினேன்.

மச்சான் வாயை அசைத்தபடி இருந்தார். எண்ணவில்லை. அவர் சொன்னது எனக்கு நன்றாக விளங்கியது. அதை இங்கே எழுத ஏலாது. ஆனால் பழைய சிநேகிதன் நீட்டுவதை வாங்காமல் விட்டால் கமெராவில் பிழையாகத் தெரியும். அவருக்கு இருபது வருசத் தொழில். கை தானாக வந்து வாங்கியது.

கட் என்றதும் கார்டை என் பக்கம் தள்ளிவிட்டார். நான் முடிந்தது என்று நினைத்தேன். கண்டினியூட்டிப் பெண்மணி மேசைக்கு வந்தார். ஏசப் போகிறார் என்று பார்த்தால் இல்லை. அந்தப் பொன் நிறக் கார்டு நல்லாக இருக்கிறது, படத்தில் விழுந்துவிட்டது, இனி ஒவ்வொரு தரமும் அதே மாதிரிக் கொடுக்க வேண்டும், அவர் அதே மாதிரி வாங்க வேண்டும் என்றார். இரண்டு கையாலும் என்று என்னிடம் செய்து காட்டினார்.

இரண்டாம் தரம் கொடுத்தேன். வாங்கினார். மேலே ஏரோப்பிளேன் போன சத்தம் விழுந்துவிட்டது. திரும்பவும். நடிகைக்குக் கண்ணீர் வரவில்லை. திரும்பவும். கண்ணீர் வந்தது, ஏப்ரன் கட்டிய பெண் வசனத்தை விட்டுவிட்டார். திரும்பவும். ஒவ்வொரு தரமும் மச்சான் கார்டை எனக்குத் தந்தார். நான் பொக்கற்றில் வைத்து எடுத்து அவருக்குக் கொடுத்தேன்.

நடுவில் லைட் ஒன்று நின்றுபோனது. அதை மாற்றும்வரை சும்மா இருந்தோம். கார்டு அவர் கையில் இருந்தது. கண்ணாடியைப் போட்டு வாசித்தார்.

"மாப்பிள்ளை மலேசியாவோ?"

ஏழு வருசத்தில் அவர் என்னோடு கதைத்த முதல் கதை அதுதான்.

"ஓம்."

"எங்கடை வேதமோ?"

"ஓம். பூசைக்கு வாறவர்."

"கதைக்கிறது விளங்குமோ?"

"மலேசியாப் பழக்கம், வசனத்துக்கு வசனம் 'லா' போடுவார். பழகினால் விளங்கும்."

மீசை கொஞ்சம் அசைந்தது. கார்டைத் திருப்பிப் பார்த்தார். பின்பக்கத்தில் ஒன்றும் இல்லை. பல்லு விழுந்தது என்று தன்னிடம் வந்து அழுத பிள்ளையல்லோ என்று சொன்னார். ஓம் என்றேன்.

"பிழைதான், மச்சான்" என்றேன்.

அவர் கார்டை மேசையில் தட்டினார்.

"ஒருக்கால் கையிலை தரப் பஞ்சிப்பட்டுத் தபாலிலை போட்ட மனிசன் நீர். இப்ப பாரும், ஆண்டவர் விடுறாரில்லை."

லைட் சரிவந்தது. திரும்பத் தொடங்கினோம். அதற்குப் பிறகு அவர் வாயசைத்தது எண்ணுவதற்கு இல்லை. அந்த நித்திரை தூங்குகிற முகத்தைப் பிடித்தார். நான் கோப்பைக்குள் முகத்தை விட ஏலாது. முதல் தரம் விடவில்லையே. பல்லைக் கடித்துக்கொண்டு கார்டைக் கொடுத்தேன்.

கடைசியில் சரி என்றார்கள். நடிகை எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டார். சாமான் பொறுக்குகிறவர் கோப்பைகளை எடுத்துவிட்டு கார்டுக்கும் கை நீட்டினார். மச்சான் அதைத் தன் கோட்டுக்குள் வைத்தார்.

"இது நடிப்புக்குத் தந்தது. கணக்கிலை வராது" என்றார் என்னிடம். "ஞாயிற்றுக்கிழமை பூசை முடிய அவளையும் கூட்டிக்கொண்டு வீட்டை வாரும்."

போனோம். பெல் அடிக்க முதலே கதவு திறந்தது. மனைவி வேறு ஒரு கார்டைக் கையில் கொடுத்தாள். கலியாணத்துக்கு அவர் கோயிலில் முன் வாங்கில் இருந்தார். அவள் வாசலைத் திரும்பிப் பார்க்கவில்லை.

அந்தத் தொடர் போன வருசத்தோடு நின்றுவிட்டது. கடையையும் பிரித்துவிட்டார்கள். மச்சானுக்கு முழங்கால் ஏலாது, வேலைக்கு வருவதில்லை. எனக்கு இடைக்கிடை கூப்பிடுகிறார்கள். முன்பின் தெரியாத ஆட்களோடு இருத்துகிறார்கள். நான் பழையபடி அருள் நிறைந்த மரியே சொல்லுகிறேன்.

மாதத்தில் ஒரு நாள் நோர்பரிக்குப் போகிறோம். தேத்தண்ணி குடித்த பிறகு மச்சான் அந்தக் கட்டத்தை டிவியில் போடுவார். முன்னுக்கு நடிகையின் கண்ணீர். பின்னுக்குப் புகை மாதிரி இரண்டு கிழவர். பொன் நிறத்தில் ஒன்று கை மாறுகிறது. நாலு செக்கன்கூட வராது.

போன தரம் ரிமோட்டால் நிற்பாட்டிவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவங்கள் ஒருக்கால்தான் காட்டுறாங்கள்" என்றார்.

எத்தனை தரம் வாங்கினீர்கள் என்று நினைவிருக்கிறதா என்று கேட்டேன். டிவியில் இருந்து கண்ணை எடுக்கவில்லை.

"பதினொண்டு."