இல்லைன்னு எழுதிக் குடுங்க

சர்வேயராகக் காடுமேடெல்லாம் சங்கிலி இழுத்துத் திரிந்தவன் நான். அப்படிப்பட்டவனை, திண்டுக்கல் பக்கத்துத் தாலுகா ஆபீஸ் ஒன்றில் ரெக்கார்டு ரூமுக்கு மாற்றிவிட்டார்கள். ஜன்னல் கிடையாது. சுவர் முழுக்கப் பழைய ஆவணக் கட்டுகள். முதல் நாளே இருப்புக்கொள்ளாமல் வாசலுக்கும் நாற்காலிக்குமாக நடந்துகொண்டிருந்தேன். என்னைவிடத் தவிப்போடு ஒருவர் வாசலில் நின்றிருந்தார். பெயர் லூர்துமேரி, மல்லிகைத் தோட்டக்காரர்.

அவர் தோட்டத்துக்கு ஒரே ஒரு வண்டிப் பாதைதான். பக்கத்து நிலத்தைப் புதிதாக வாங்கியவர், அப்படி ஒரு பாதையே இல்லை என்று வேலிக்கல் நட ஆள் இறக்கிவிட்டார். ஆன்லைனில் வரும் படத்தில் பாதை விட்டுப்போயிருந்தது. பழைய எஃப்.எம்.பி.யில், அதாவது கையால் வரைந்த புலப்படத்தில் இருக்க வேண்டும். அதன் நகலுக்கு மனுப் போட்டு, கட்டணமும் கட்டிவிட்டு, வாரக்கணக்கில் அலைந்துகொண்டிருந்தார்.

“குழி தோண்டிக்கிட்டு இருக்காங்க சார். பாதை அடைபட்டா பூவ மார்க்கெட்டுக்கு எப்பிடிக் கொண்டு போவேன்? வி.ஏ.ஓ. அங்கனதான் நிக்கிறாரு. நகல் வந்தா நிறுத்துறேங்கிறாரு.”

என் மேலதிகாரியான நில அளவை ஆய்வாளரிடம் ஓடினேன். அவர் தலை நிமிரவில்லை.

“அந்த ஊருக் கட்டெல்லாம் செல்லரிச்சுப் போச்சுய்யா. சிதிலம்னு சொல்லி அனுப்பு.”

“பாத்தீங்களா சார்?”

“அம்புட்டுத் தூசிக்குள்ள யாரு போறது? எல்லாருக்கும் அப்படித்தான சொல்றோம்.”

வந்து சொன்னேன். சொல்லும்போதே எனக்குக் கூசியது. லூர்துமேரி அழவுமில்லை, சத்தம் போடவுமில்லை.

“சரி சார். படம் இல்லைன்னு எழுதிக் குடுங்க. கையெழுத்துப் போட்டு, சீல் வச்சுக் குடுங்க. நான் பாட்டுக்குப் போறேன்.”

அதை அப்படியே போய்ச் சொன்னதும் ஆய்வாளர் நிமிர்ந்தார். அரசு ஆவணம் இல்லை என்று எழுதிக் கொடுத்தால், தொலைத்தது யார் என்று அடுத்த கேள்வி வரும்.

“நீயே போட்டுக் குடுத்துரு.”

“நான் இன்னைக்குத்தான் சார் வந்தேன். நேத்து வரைக்கும் சாவி உங்ககிட்டதான இருந்துச்சு?”

சட்டைக் கையை மடித்துக்கொண்டு அவரே உள்ளே வந்தார். இரண்டு பேரும் கட்டுகளை இறக்கினோம். வாசலில் லூர்துமேரியின் போன் விடாமல் அடித்தது. “இந்தா வாரேன், செத்த நேரம் தடுத்து நில்லுடா” என்று மகனிடம் கெஞ்சிக்கொண்டிருந்தார். அந்தக் குரல் காதில் விழ விழ நான் கட்டுகளை வேகவேகமாக அவிழ்த்தேன்.

படம் அடுத்த ஊர்க் கட்டுக்குள் இருந்தது. பூச்சி அரித்த அடையாளம்கூட இல்லை. புள்ளிக் கோடாகப் பாதை பளிச்சென்று தெரிந்தது. எனக்கு வந்த கோபத்துக்கு ஆய்வாளர் முகத்தைப் பார்க்கவே பிடிக்கவில்லை. நகல் எடுத்து, சான்றிட்டுக் கொடுத்தோம். லூர்துமேரி அதை போனில் படம் பிடித்து மகனுக்கு அனுப்பி, வி.ஏ.ஓ.விடம் காட்டச் சொன்னார். பிறகு போனைக் காதில் வைத்தபடி அசையாமல் நின்றார்.

“நிறுத்திட்டாங்க சார்” என்றபோதுதான் அவருக்கு அழுகை வந்தது.

ஆய்வாளர் கையைக் கழுவப் போனார். அதற்குள், இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்த ஒரு பெரியவர் வழியை மறித்தார்.

“ஏம்ப்பா, எனக்கும் போன மாசம் சிதிலம்னுதான சொன்னீக? அத எழுதிக் குடுத்துருங்க.”

அவருக்குப் பின்னால் இன்னும் சிலர் சேர்ந்துகொண்டார்கள். ஆய்வாளர் மறுபடி உள்ளே வந்து ஏணியைப் பிடித்தார்.

நிலம் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. உங்கள் நிலத்தின் படத்தைக் கேட்டு வாங்குவது உங்கள் உரிமை. இல்லை என்று சொன்னால் அதையும் எழுத்தில் கேளுங்கள்.

ரெக்கார்டு ரூமுக்குப் புதிதாக வரும் தம்பிகளுக்கும் ஒன்று. தேடாமல் இல்லை என்று சொல்லிவிடாதீர்கள். நீங்கள் அதைச் சொல்லும் நேரத்தில், எங்கோ ஒருவருடைய பாதையில் குழி தோண்டிக்கொண்டிருப்பார்கள்.